கொரியாவில் வீட்டிலேயே மாட்டு வால் சூப்: கறிக்கடையிலிருந்து குப்பைப் பை வரை

கொரியாவுக்குப் புதிதாக வந்து, முதல் குளிர்காலத்தில் யாராவது வாங்கிக் கொடுத்து கோரி கோம்தாங் குடித்தவர்கள் அதை மறப்பதில்லை. வெள்ளையாக, கனமாக, உப்புகூடப் போடாமல் வரும் மாட்டு வால் சூப். வீட்டில் செய்து பார்க்கலாம் என்று குறிப்புகளைத் தேடினால், ‘வாலைக் கழுவி நாலு மணி நேரம் கொதிக்கவிடவும்’ என்பதோடு முடித்துவிடுகிறார்கள். எந்த வாலை வாங்குவது, பாக்கெட்டில் எதைப் படிப்பது, அடுப்பு நடுவில் அணைந்தால் என்ன செய்வது, பத்து லிட்டர் சூடான சூப்பை இரவில் எங்கே வைப்பது, கடைசியில் எலும்பை எந்தப் பையில் போடுவது? இதையெல்லாம் நான் ஒவ்வொருவராகக் கேட்டுக் கேட்டுத்தான் சேர்த்தேன். நீங்களும் அப்படி அலைய வேண்டாம் என்றுதான் முழுவதையும் ஒரே இடத்தில் எழுதிவைக்கிறேன்.

ஒன்றை முதலிலேயே மனதில் போட்டுக்கொள்ளுங்கள். கொதிக்கும் நேரத்தில் நமக்குப் பெரிய வேலை கிடையாது. கொதிப்பதற்கு முன் ரத்தத்தை எடுப்பதும், கொதித்த பின் சீக்கிரம் ஆறவைப்பதும்தான் வேலை. சூப்பின் ருசியை முன்னது தீர்மானிக்கிறது, வயிற்றின் நலத்தைப் பின்னது தீர்மானிக்கிறது. அந்த இரண்டு இடங்களிலும் சோம்பல் வேண்டாம்.

1. முதலில் நேரத்தை ஒதுக்குங்கள்

இது ஒரே நாளில் முடிகிற சமையல் இல்லை. வெள்ளி மாலை தொடங்கினால் ஞாயிறு காலை சாப்பிடலாம். நான் பின்பற்றும் கணக்கு இது.

வெள்ளி இரவு: வாலைத் தண்ணீரில் ஊறப்போட்டு, இரண்டு மூன்று முறை தண்ணீர் மாற்றி, பாத்திரத்தோடு ஃபிரிட்ஜில் வைப்பது.

சனி காலை: கடைசித் தண்ணீரைக் கொட்டிவிட்டு, ஒரு கொதி கொதிக்கவைத்து, அந்தத் தண்ணீரையும் கொட்டிக் கழுவுவது. இதற்கு ஒரு மணி நேரம் ஆகும்.

சனி பகல்: மூன்று மணி நேரக் கொதி. கூடுதல் எலும்பு சேர்த்தால் இன்னும் மூன்று மணி நேரம்.

சனி மாலை: ஆறவைத்து ஃபிரிட்ஜில் வைப்பது. இரவு பத்து மணிக்கு மேல் அடுப்பை அணைக்கும்படி திட்டமிடாதீர்கள். தூக்கக் கலக்கத்தில் ஆறவைக்கும் வேலையைத் தட்டிக்கழித்துவிடுவோம்.

ஞாயிறு காலை: மேலே உறைந்த கொழுப்பை எடுத்து, சூடாக்கிச் சாப்பிடுவது.

கடைக்குப் போகும் நாளையும் பார்த்துக்கொள்ளுங்கள். பெரிய மார்ட்டுகள் பல ஊர்களில் மாதத்தின் இரண்டாம், நான்காம் ஞாயிறுகளில் மூடியிருக்கும். சில மாவட்டங்களில் அந்த விடுமுறையை வாரநாளுக்கு மாற்றியிருக்கிறார்கள். ‘சொல்லால்’ எனும் புத்தாண்டு, ‘சுசோக்’ எனும் அறுவடைத் திருநாள் ஆகிய பண்டிகைகளுக்கு முந்தைய வாரங்களில் வாலும் எலும்பும் பரிசுப் பெட்டிகளாக அடுக்கியிருக்கும். அழகான பெட்டிக்கும் சேர்த்துத்தான் காசு கொடுக்க வேண்டியிருக்கும், கறிக்கடைகளிலும் நிற்க இடமிருக்காது. பண்டிகை கழிந்து போங்கள்.

2. எந்த வால், எவ்வளவு, என்ன விலை

‘கோரி’ என்றால் வால். ஆனால் கடையில் ‘கோரி’ என்று மட்டும் கேட்டால் மூன்று விதமான பொருள் கைக்கு வரலாம். புதிதாக வருகிறவர்கள் அதிகம் ஏமாறுவது இங்கேதான்.

அல்கோரி என்பது சதையுள்ள வால் துண்டுகள் மட்டும். கிலோ விலை அதிகம், ஆனால் கிண்ணத்தில் வைத்துச் சாப்பிடுவதற்குரியது இதுதான்.

கோரி பான்கோல் என்பது வாலோடு, வால் தொடங்கும் இடத்து இடுப்பெலும்பும் சேர்ந்தது. பெட்டி பெரிதாக இருக்கும், விலையும் குறைவாகத் தெரியும். எடையில் நல்ல பங்கு சதையில்லாத எலும்பு. இது மோசமான பொருள் இல்லை, சாறுக்கு அந்த எலும்பு அருமையானது. ஆனால் மூன்று கிலோ பெட்டியை வாங்கிவிட்டு மூன்று கிலோ வால் என்று எண்ணி விருந்தாளிகளை அழைத்துவிடாதீர்கள்.

மூன்றாவது, வாலின் நுனித் துண்டுகள் அதிகமாகக் கலந்த பாக்கெட். நுனி மெலிதாக, தோலும் எலும்புமாக இருக்கும். துண்டுகளின் குறுக்களவைப் பார்த்து வாங்குங்கள். பெரிய துண்டு, நடுத்துண்டு, நுனி என்று கலந்திருந்தால் நல்லது. நுனி மட்டும் என்றால் கிண்ணத்தில் வைக்கச் சதை இருக்காது.

அடுத்து எந்த நாட்டு மாடு என்பது. ‘ஹனு’ என்றால் கொரிய நாட்டு மாடு. ‘யுகு’ என்பது பெரும்பாலும் கறிக்காக வளர்த்த பால்மாட்டு இன ஆண் மாடு. அதுவும் கொரியாவில் வளர்ந்ததுதான், ஆனால் ஹனு இல்லை. ‘குக்நேசான்’, அதாவது உள்நாட்டுப் பொருள் என்ற சொல் இரண்டுக்கும் பொருந்தும். அதனால் அந்தச் சொல்லை மட்டும் பார்த்து ஹனு விலையைக் கொடுத்துவிடாதீர்கள், பக்கத்தில் இனத்தின் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இறக்குமதி வால் பெரும்பாலும் ஆஸ்திரேலியா, அமெரிக்காவிலிருந்து உறைந்த நிலையில் வருகிறது. ‘ஹோஜுசான்’ என்றால் ஆஸ்திரேலியா, ‘மிகுக்சான்’ என்றால் அமெரிக்கா. ‘நேங்தோங்’ என்றால் உறையவைத்தது, ‘நேங்ஜாங்’ என்றால் குளிரவைத்தது.

ஹனு பாக்கெட்டின் ஒட்டுச்சீட்டில் 12 இலக்க எண் ஒன்று பார்ப்பீர்கள். அரசின் கால்நடைத் தடமறியும் தளத்தில் அதை இட்டால் மாட்டின் இனம், பிறந்த நாள், பாலினம், வெட்டிய நாள் எல்லாம் வரும். கொரிய மொழி தெரியாவிட்டாலும் தேதிகளைப் படித்துவிடலாம். சமையலுக்கும் இது உதவும். வயதான பசுவின் வால் இளம் மாட்டு வாலைவிட மெதுவாக வேகும், ஒரு மணி நேரம் கூடுதலாக ஒதுக்கிக்கொள்ளலாம். அந்த ஒட்டுச்சீட்டைக் கிழித்துப் போடுவதற்கு முன் கைபேசியில் ஒரு படம் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். நன்றாக வந்த வாலை மறுபடியும் வாங்கவும், சரக்கு சரியில்லை என்றால் கடையில் பேசவும் ரசீதோடு அதுவும் வேண்டியிருக்கும்.

எங்கே வாங்குவது? தலைநகர் சோலில் இருப்பவர்களுக்கு மாஜாங்தோங் இறைச்சிச் சந்தை இருக்கிறது. மெட்ரோ 5ஆம் வழித்தடத்தில் மாஜாங் நிலையத்தில் இறங்கினால் நடந்து போகிற தூரம்தான். கடை கடையாக வால், கால், முழங்கால் எலும்பு என்று தனித்தனியாகக் குவித்திருப்பார்கள். மற்ற ஊர்க்காரர்கள் வீட்டருகே உள்ள ‘ஜொங்யுக்ஜொம்’, அதாவது கறிக்கடையில் ஒரு நாள் முன்னதாகச் சொல்லிவையுங்கள். தினமும் வால் வைத்திருக்கும் கடைகள் குறைவு. ஹலால் வேண்டுமென்றால் இதேவொனில் சோல் மத்தியப் பள்ளிவாசலைச் சுற்றியுள்ள தெருக்களில் ஹலால் கறிக்கடைகள் உள்ளன. அங்கும் வால் எல்லா நாளும் கிடைக்காது, போகும் முன் தொலைபேசியில் கேட்டுவிடுங்கள்.

கடைக்காரரை ‘சாஜாங்னிம்’ என்று அழைத்து, ‘கோரி இல் கில்லோ ஜுசேயோ’ என்றால் ஒரு கிலோ வால் கேட்டதாகும். முழு வாலாக இருந்தால் ‘தோமாங் நே ஜுசேயோ’ என்று சொல்லித் துண்டு போடச் சொல்லுங்கள். வீட்டில் கத்தியால் வெட்டப் பார்க்காதீர்கள், கத்தியும் போகும், கையும் போகும். இன்னொரு விஷயம், பழைய சந்தைகளில் சிலர் இன்னும் ‘குன்’ கணக்கில் விலை சொல்வார்கள். கறிக்கு ஒரு குன் 600 கிராம். அதைக் கிலோ விலை என்று நினைத்துவிட்டால், காசு கொடுக்கும்போதுதான் கணக்கு இடிக்கும்.

விலை மாறிக்கொண்டே இருக்கும். நான் வழக்கமாக வாங்கும் உறைந்த ஆஸ்திரேலிய வால் கிலோ ஏறத்தாழ 20,000 வொன், ஹனு அல்கோரி அதைவிட நல்ல தூரம் மேலே. இரண்டு கிலோ வாலும் காய்களும் சேர்த்து 50,000 வொன் என்று வைத்துக்கொண்டால், ஐந்தாறு பேர் வயிறாரச் சாப்பிடலாம், மறுநாளுக்கும் கொஞ்சம் சாறு மிஞ்சும். கடையில் ஒரு கிண்ணமே 20,000 வொன்னைத் தொடும் அல்லது தாண்டும். முதல் முறை செய்பவர்களுக்கு என் யோசனை: இறக்குமதி வாலிலேயே கை பழகுங்கள். ருசி குறைவாக வராது. ஹனுவை, பெரியவர்கள் வீட்டுக்கு வரும் நாளுக்கு வைத்துக்கொள்ளலாம்.

ஆளுக்குக் கணக்கு: சதையோடு கிண்ணத்தில் வைக்க ஒருவருக்கு 300 முதல் 400 கிராம் வால், எலும்பையும் சேர்த்து. சாறு கெட்டியாக வேண்டும் என்றால் இரண்டு கிலோ வாலோடு அரைக் கிலோ முதல் ஒரு கிலோ ‘சாகோல்’, அதாவது கால் எலும்பு சேர்க்கலாம். அது மலிவு.

3. பாத்திரமும் அடுப்பும்

இரண்டு கிலோ வாலுக்குப் பத்து லிட்டர் பாத்திரமாவது வேண்டும். ‘கோம்சோத்’ என்று கேட்டால் இதற்கென்றே விற்கும் உயரமான பாத்திரத்தைக் காட்டுவார்கள். சிறிய பாத்திரத்தில் விளிம்புவரை நிரப்பினால் முதல் கொதியிலேயே நுரை பொங்கி அடுப்பை அணைத்துவிடும். ஒற்றை அறையில் இருப்பவர்கள் ஒரு கிலோவும் ஐந்தாறு லிட்டர் பாத்திரமும் என்று குறைத்துக்கொள்ளுங்கள்.

அடுப்பைப் பற்றி யாரும் சொல்வதில்லை. இப்போது விற்கும் கொரிய கேஸ் அடுப்புகளில் சூட்டை உணரும் கருவி இருக்கிறது. பாத்திரம் அளவுக்கு மீறிச் சூடானதாக உணர்ந்தால் தீயைத் தானே குறைக்கும் அல்லது அணைக்கும். பல வீடுகளில் கேஸ் குழாயில் நேரம் வைத்து அணைக்கும் கருவியும் பொருத்தியிருப்பார்கள். இண்டக்ஷன் அடுப்புகளும் சில மணி நேரத்தில் தானாக அணைந்துவிடும். இவை எல்லாம் நல்லதற்குத்தான். ஆனால் சூப் கொதிக்கிறது என்று நம்பி நீங்கள் அடுத்த அறையில் இருக்க, அது இங்கே வெதுவெதுப்பாக இரண்டு மணி நேரம் கிடந்திருக்கும். கைபேசியில் நாற்பது நிமிடத்துக்கு ஒரு மணி வைத்து, எழுந்துபோய்ப் பாருங்கள். நீர் மட்டத்தையும் அப்போதே பார்த்துவிடலாம். அடுப்பை எரியவிட்டு வெளியே போகவே கூடாது என்பதை நான் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

குளிர்காலம் என்று ஜன்னலை இறுக மூடிவிட்டுக் கொதிக்கவைத்தால் மாட்டு வாடை போர்வையிலும் கோட்டிலும் ஒரு வாரம் நிற்கும். துணிகளை அலமாரிக்குள் வைத்துக் கதவை மூடிவிட்டு, புகைபோக்கியை ஓடவிட்டு, ஜன்னலை ஒரு விரல் அளவு திறந்துவையுங்கள்.

4. ரத்தத்தை எடுப்பது

உறைந்த வாலாக இருந்தால் முந்தைய இரவே ஃபிரிட்ஜின் கீழ்த்தட்டில் வைத்து உருகவிடுங்கள். நேரமில்லை என்றால் நேரடியாகக் குளிர்ந்த தண்ணீரில் போடலாம், உருகுவதும் ஊறுவதும் சேர்ந்தே நடக்கும். வெந்நீர் வேண்டாம். வெந்நீர் பட்டால் மேல்சதை வெந்து மூடிக்கொள்ளும், ரத்தம் உள்ளேயே தங்கிவிடும்.

ஊறப்போடும் முன் ஒவ்வொரு துண்டையும் குழாயடியில் பிடித்து, வெட்டுமுகத்தை விரலால் தேய்த்துப் பாருங்கள். எந்திர ரம்பத்தால் அறுத்திருந்தால் எலும்புத் தூள் பசைபோல் ஒட்டியிருக்கும், கண்ணுக்குத் தெரியாத சில்லுகள் விரலில் நெருடும். அதை இங்கேயே கழுவிவிட வேண்டும். குழந்தைகள் சாப்பிடுவதாக இருந்தால் இந்த ஒரு வேலையில் சோம்பல் கூடாது.

பிறகு துண்டுகள் மூழ்கும்வரை குளிர்ந்த தண்ணீர் ஊற்றுங்கள். முதல் அரை மணியில் தண்ணீர் அடர்சிவப்பாகிவிடும். கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீர். அடுத்த ஒரு மணி நேரத்தில் மறுபடி. மூன்றாவது நான்காவது தண்ணீர் இளஞ்சிவப்பாக, பிறகு கிட்டத்தட்டத் தெளிவாக வரும். மொத்தம் நாலைந்து மணி நேரம் போதும். இரவு முழுக்க வைப்பதானால் ஃபிரிட்ஜில்தான், கோடையில் அடுக்களை மேடையில் ஒரு மணி நேரம்கூட வைக்காதீர்கள். ஒன்றிரண்டு நாள் ஊறினால் இன்னும் சுத்தமாகும் என்று நினைக்க வேண்டாம். சதையின் ருசியும் ரத்தத்தோடு போய்விடும்.

5. ஒரு கொதி, அப்புறம் முழுக் கழுவல்

ஊறிய வாலைப் பாத்திரத்தில் போட்டு, மூழ்கும்வரை தண்ணீர் ஊற்றி, பெரிய தீயில் கொதிக்கவிடுங்கள். கொதிவந்து பத்து நிமிடம். சாம்பல் நிறத்தில் திட்டுத்திட்டாக நுரை வரும், வாடையும் கொஞ்சம் கடுமையாக இருக்கும். இந்தத் தண்ணீரில் சத்து போய்விடுமே என்று வைத்துக்கொள்ளாதீர்கள். நன்றாகக் கொதிக்கவேண்டியது இதற்கு அடுத்த தண்ணீரில்தான்.

கொட்டும்போது கவனம். கொரிய வீடுகளில் சிங்க்குக்குக் கீழே பெரும்பாலும் பிளாஸ்டிக் குழாய். கொதிக்கும் தண்ணீரை அப்படியே கவிழ்க்காமல், மேலே மிதக்கும் கொழுப்பைக் கரண்டியால் வழித்துக் காகிதத்தில் எடுத்துவிட்டு, குழாயில் குளிர்ந்த தண்ணீரைத் திறந்துவிட்டபடி மெல்ல ஊற்றுங்கள்.

இப்போது துண்டுகளை ஒவ்வொன்றாகக் கழுவ வேண்டும். எலும்பின் நடுவிலும், சதையும் எலும்பும் சேரும் மடிப்பிலும் கருஞ்சிவப்பாக உறைந்த ரத்தம் இருக்கும். சாப்ஸ்டிக் நுனியால் நெம்பி எடுங்கள். மேலே தடிமனாகத் தெரியும் வெள்ளைக் கொழுப்பைக் கத்திரியால் வெட்டிவிடுங்கள். பச்சையாக இருக்கும்போது வழுக்கும், ஒரு கொதிக்குப் பிறகு சுலபமாக வரும். எல்லாவற்றையும் உரித்துவிட வேண்டாம், கொஞ்சம் கொழுப்பு இருந்தால்தான் சாறு வெள்ளையாகும். பாத்திரத்தையும் சோப்பு போட்டுக் கழுவுங்கள். உள்விளிம்பில் ஒட்டிய அந்தச் சாம்பல் வளையத்தை விட்டுவிட்டால், இத்தனை நேரம் செய்த வேலை பாதி வீண்.

6. பெரிய கொதி

கழுவிய வாலுக்கு ஆறு லிட்டர் புதுத் தண்ணீர். இரண்டு கிலோ வாலுக்கான கணக்கு இது. ஒரு துணிப்பையில் தோலோடு பாதி வெங்காயம், தேப்பா எனும் தடித்த வெங்காயத்தாளின் வெள்ளைப் பகுதி இரண்டு, பத்துப் பல் பூண்டு, கட்டைவிரல் அளவு இஞ்சி, ஒரு சிறு கரண்டி முழு மிளகு. கூடவே கொரிய முள்ளங்கியில் பெரிய துண்டு ஒன்று.

நம் கை தானாகப் பட்டை, கிராம்பு, சீரகம் தேடும். இந்தச் சூப்புக்கு வேண்டாம். ஆட்டுக்கால் பாயாவில் மசாலா முன்னால் நிற்கும், இங்கே எலும்பின் சுவைதான் முன்னால் நிற்க வேண்டும். ஒரு துண்டு பட்டை போட்டாலும் பாத்திரம் முழுக்க அதுதான் மணக்கும். உப்பும் இப்போது கிடையாது. மணிக்கணக்கில் வற்றும் சாறு, முதலில் சரியாக இருந்த உப்பைக் கடைசியில் கரிப்பாக்கிவிடும்.

கொதிவரும்வரை மூடாதீர்கள். நுரை வந்ததும் எடுத்துவிட்டு, தீயை நடுத்தரமாக்கி, மூடியைக் கொஞ்சம் திறந்தாற்போல் வையுங்கள். தீயின் அளவுதான் நிறத்தைத் தீர்மானிக்கிறது. தளதளவென்று விடாமல் கொதித்தால், கரைந்த கொழுப்பு பொடிப்பொடித் துளிகளாகச் சிதறி, எலும்பிலிருந்து இறங்கும் ஜெலட்டினோடு சாறில் கலந்து பால்போல் வெளுக்கும். ஓரத்தில் மட்டும் குமிழ் வரும்படி மெல்லக் கொதித்தால் சாறு தெளிவாக நிற்கும். இரண்டும் சரிதான். சாறு வெளுக்கவில்லை என்றால் பாலோ பால்பொடியோ சேர்க்க நினைக்காதீர்கள். மூடியை எடுத்துவிட்டுத் தீயைக் கூட்டி அரைமணி நேரம் பாருங்கள், மாற்றம் தெரியும்.

முள்ளங்கி நாற்பது ஐம்பது நிமிடத்தில் வெந்துவிடும். எடுத்துத் தனியே வைத்து, பரிமாறும்போது வில்லைகளாக வெட்டிப் போடலாம். துணிப்பையை ஒன்றரை மணி நேரத்தில் எடுத்துவிடுங்கள். அதற்கு மேல் கிடந்தால் வெங்காயம் கரைந்து சாறு இனிக்க ஆரம்பிக்கும். தண்ணீர் குறைந்தால் கெட்டிலில் கொதித்த தண்ணீரைச் சேருங்கள், குளிர்ந்த தண்ணீர் கொதியை நிறுத்திவிடும்.

இரண்டரை மணி நேரம் கழித்துப் பெரிய துண்டு ஒன்றை எடுத்துப் பாருங்கள். எலும்பின் விளிம்பிலிருந்து சதை சற்றே மேலேறியிருக்க வேண்டும், சாப்ஸ்டிக் தடையில்லாமல் உள்ளே இறங்க வேண்டும், ஆனால் தூக்கும்போது சதை எலும்பைவிட்டுக் கழன்று விழக்கூடாது. அந்தப் பதம் வந்ததும் சதையுள்ள துண்டுகள் அத்தனையையும் வெளியே எடுங்கள். நுனித் துண்டுகள் முன்பே வெந்திருக்கும், அவற்றை முதலில் எடுக்கலாம். எடுத்த துண்டுகளின்மேல் சாறு ஊற்றி மூடிவையுங்கள். காற்றுபட வைத்தால் மேல்சதை கறுத்துக் காய்ந்துவிடும்.

அல்கோரி மட்டும் வாங்கியிருந்தால் வேலை இத்துடன் முடிந்தது. பான்கோலோ சாகோலோ இருந்தால், முதல் சாறை வேறு பாத்திரத்துக்கு மாற்றி, அதையும் எடுத்த துண்டுகளையும் 7ஆம் படியில் சொல்வதுபோல் ஆறவைத்து ஃபிரிட்ஜில் வைத்துவிட்டு, எலும்பில் மறுபடி நாலைந்து லிட்டர் தண்ணீர் ஊற்றி மூன்று மணி நேரம் கொதிக்கவிடுங்கள். இரண்டாவது சாறு முதலாவதைவிட வெள்ளையாக வரும், மணம் குறைவாக இருக்கும். இரண்டையும் கலந்தால்தான் நிறமும் ருசியும் ஒன்றுசேரும். மூன்றாவது முறையும் கொதிக்கவைக்கலாம். அதற்கு மேல் எரிவாயுதான் செலவு.

பிரஷர் குக்கர் வைத்திருப்பவர்கள்: 4, 5ஆம் படிகளை விடாமல் செய்துவிட்டு, குக்கரில் மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் நிரம்பாதபடி வாலும் தண்ணீரும் வைத்து, ஆவி வந்தபின் சிறு தீயில் 45 முதல் 60 நிமிடம். சதை நன்றாக வேகும், சாறு தெளிவாக இருக்கும். ஆவி தானாக அடங்கியபின் திறந்து, வால் துண்டுகளை எடுத்துவிட்டு, சாறை மட்டும் பெரிய தீயில் அரைமணி நேரம் கொதிக்கவிட்டால் வெளுக்கும். ஊரிலிருந்து கொண்டுவந்த அலுமினியக் குக்கர் இண்டக்ஷன் அடுப்பில் சூடாகாது, அடிப்பாகத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

7. சீக்கிரம் ஆறவைப்பது

தயவுசெய்து இந்தப் படியைத் தாண்டிவிடாதீர்கள். நாள் முழுக்கக் கொதித்த சூப்பில் எந்தக் கிருமி இருக்கும் என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள். குளோஸ்ட்ரிடியம் பெர்ஃபிரிஞ்ஜென்ஸ் என்றொரு பாக்டீரியா உண்டு. அதன் வித்துகள் கொதியிலும் சாவதில்லை. பெரிய பாத்திரம் மெல்ல ஆறும்போது, காற்றுப்படாத அடிப்பகுதியில், இளஞ்சூட்டில் அவை முளைத்துப் பெருகும். மறுநாள் வயிற்றுவலியும் பேதியும் வருவது இதனால்தான். பெரிய பாத்திரத்தில் சமைத்து வைக்கும் சூப்புகளைப் பற்றிக் கொரிய உணவு மருந்துப் பாதுகாப்பு அமைச்சகம் ஆண்டுதோறும் வசந்தத்தில் எச்சரிப்பதும் இதற்காகவே.

வெளியே பனி பெய்கிறதே, பாத்திரத்தை பால்கனியில் வைத்தால் போதாதா என்று தோன்றும். எட்டு லிட்டர் சாறின் நடுப்பகுதி அந்தக் குளிரிலும் மணிக்கணக்கில் வெதுவெதுப்பாகவே இருக்கும். அப்படியே ஃபிரிட்ஜில் தூக்கி வைத்தாலும் அதே கதை, மற்ற பொருள்களும் சூடேறிக் கெடும்.

செய்ய வேண்டியது இதுதான். சாறை வடிகட்டி இரண்டு லிட்டருக்கு மிகாத அகலமான பாத்திரங்களில் பிரியுங்கள். சிங்க்கை அடைத்துக் குளிர்ந்த தண்ணீரும் ஐஸும் நிரப்பி, பாத்திரங்களை அதில் நிறுத்தி, கரண்டியால் அடிக்கடி கலக்குங்கள். சிங்க் தண்ணீர் சூடானதும் மாற்றுங்கள். அரைமணி, முக்கால் மணியில் கை பொறுக்கும் சூட்டுக்குக் கீழே வந்துவிடும். உடனே ஃபிரிட்ஜில் வையுங்கள். அடுப்பை அணைத்ததிலிருந்து இரண்டு மணி நேரத்துக்குள் உள்ளே போய்விட வேண்டும்.

8. கொழுப்பை எடுப்பது

மறுநாள் காலை திறந்தால் மேலே வெள்ளைத் தட்டாக கொழுப்பு உறைந்திருக்கும். கரண்டியின் விளிம்பால் ஓரத்தில் ஒரு தட்டு தட்டினால் பெரிய பெரிய ஓடுகளாகக் கையோடு வரும். அடியில் சாறு திரவமாக இல்லாமல், பாத்திரத்தைச் சாய்த்தால் மொத்தமாக அதிரும் கட்டியாக இருந்தால், ஜெலட்டின் நன்றாக இறங்கியிருக்கிறது என்று பொருள். அது கெட்டுப்போய்விட்டதோ என்று பயந்து கொட்டியவர்களை எனக்குத் தெரியும். சூடாக்கினால் இரண்டு நிமிடத்தில் கரைந்துவிடும். கட்டியாகவில்லை என்றால் தண்ணீர் அதிகம், கொழுப்பை எடுத்தபின் மூடாமல் கொஞ்சம் வற்றவிடுங்கள்.

9. பரிமாறுவது

வேண்டிய அளவு சாறை மட்டும் எடுத்துக் கொதிக்கவையுங்கள். வால் துண்டுகளை அதில் போட்டு ஐந்து நிமிடம், உள்வரை சூடேற வேண்டும். கிண்ணத்துக்கு மூன்று நான்கு துண்டு, முள்ளங்கி வில்லை, மேலே பொடியாக நறுக்கிய தேப்பா நிறைய. உப்பும் மிளகுத் தூளும் மேசையில் தனியாக இருக்கட்டும், அவரவர் போட்டுக்கொள்வார்கள். உப்பில்லாத சாறை முதலில் ஒரு வாய் குடித்துவிட்டு, பிறகு சிட்டிகை சிட்டிகையாகச் சேர்த்துப் பாருங்கள்.

சதையைத் தொட்டுக்கொள்ள ஒரு சாஸ் வேண்டும், இது இல்லாவிட்டால் பாதி சுகம் குறையும். சோயா சாஸ் இரண்டு கரண்டி, வினிகர் ஒன்று, தண்ணீர் ஒன்று, சர்க்கரை அரை, கொரியக் கடுகு விழுது சுண்டைக்காய் அளவு. அதில் ‘புச்சு’ எனும் பூண்டுத்தாளை விரல்நீளத்துக்கு நறுக்கிப் போடுங்கள். துண்டைக் கையில் எடுத்துக் கடித்துச் சாப்பிடுவதில் தவறில்லை. எலும்பு போட ஆளுக்கொரு தட்டு வையுங்கள்.

தொட்டுக்கொள்ள முள்ளங்கிக் கிம்ச்சியான கக்துகி. நன்றாகப் புளித்ததாக வாங்குங்கள், புதுசு இந்தச் சாறுக்கு எடுபடாது. பாதி சாப்பிட்டபின் சோற்றைச் சாறில் போட்டு, கக்துகியின் சிவப்புச் சாறையும் ஒரு கரண்டி ஊற்றிக்கொள்பவர்கள் உண்டு. எனக்கு அப்படித்தான் பிடிக்கும்.

‘துக்பேகி’ எனும் மண்கிண்ணத்தில் பரிமாறினால் கடைசிவரை சூடு நிற்கும். சாதாரண துக்பேகி இண்டக்ஷனில் சூடாகாது. அதைச் சோப்பு போட்டும் கழுவாதீர்கள், நுண்துளைகளில் சோப்பு இறங்கி அடுத்த முறை சாறில் வெளியே வரும். அரிசி கழுவிய தண்ணீரோ சமையல் சோடாவோ போதும்.

10. மிச்சமும் குப்பையும்

ஃபிரிட்ஜில் மூன்று நாள். அதற்கு மேல் என்றால் முதல் நாளே ஒரு வேளைக்கு ஒரு பையாகப் பிரித்து உறையவையுங்கள். பையில் முக்கால் பங்குதான் நிரப்ப வேண்டும், உறையும்போது விரியும். தேதி எழுதி, இரண்டு மூன்று மாதத்துக்குள் தீர்த்துவிடுங்கள். ஒருமுறை வெளியே எடுத்த சாறை நன்றாகக் கொதிக்கவைத்து அந்த வேளையிலேயே முடிக்க வேண்டும். பெரிய பாத்திரத்தையே தினமும் சூடாக்கி, ஆறவிட்டு, மறுபடி சூடாக்குவது வேண்டாம்.

எலும்பு உணவுக் கழிவு இல்லை. இதைத் தெரியாமல் உணவுக் கழிவுத் தொட்டியில் போட்டுவிட்டுக் காவலாளியிடம் பேச்சு வாங்குபவர்கள் நிறைய. கொரியாவில் உணவுக் கழிவு கால்நடைத் தீவனமாகவும் உரமாகவும் போகிறது, கெட்டியான எலும்பு அதில் சேராது. மாட்டெலும்பு, வெங்காயத் தோல், பூண்டுத் தோல், வெங்காயத்தாளின் வேர் எல்லாம் ‘ஜோங்னியாங்ஜே போங்து’ எனும் கட்டணக் குப்பைப் பையில்தான் போட வேண்டும். மிஞ்சிய சதையும் வெந்த முள்ளங்கியும் உணவுக் கழிவு. உறைந்த கொழுப்பைச் சிங்க்கில் கரைத்துவிடாமல், காகிதத்தில் சுற்றிக் கட்டணப் பையில் போடுங்கள். அந்தப் பையை உங்கள் மாவட்டத்துக் கடையிலேயே வாங்குங்கள், பக்கத்து மாவட்டத்துப் பை பொதுவாகச் செல்லாது.

எலும்பைப் போடும் முன் கழுவிக் காயவைத்து, பழைய காகிதத்தில் சுற்றிவிட்டால் பையைக் கிழிக்காது, நாற்றமும் வராது. பை நிறைய இன்னும் நாளாகும் என்றால், எலும்பை ஒரு சிறு பையில் கட்டி ஃபிரீசரின் ஓரத்தில் வைத்து, குப்பை எடுக்கும் நாளன்று வெளியே கொண்டுபோங்கள்.